லங்காவி கிளிம் ஆற்றுப் படகுச் சுற்று: மீன் பண்ணையைத் தவிர்க்கலாமா?

கேள்வி: கடலூர் வாசகர், பிப்ரவரி 3

ஏப்ரல் விடுமுறையில் பெற்றோருடனும் இரண்டு பிள்ளைகளுடனும் மலேசியாவின் லங்காவித் தீவுக்குச் செல்லவிருக்கிறோம். கிளிம் ஆற்றுச் சதுப்புநிலக் காட்டைப் படகில் சுற்றிப் பார்க்கும்படி பலரும் சொல்கிறார்கள். ஆனால், நடுவில் ஒரு மிதவை மீன் பண்ணையில் இறக்கிவிட்டு, சாப்பாடு விற்பதற்காகவே ஒரு மணி நேரத்தை வீணாக்கிவிடுகிறார்கள் என்றும் கேள்விப்பட்டேன். எங்களுக்குப் பிச்சாவரம் பக்கத்திலேயே இருப்பதால் அலையாத்திக் காடு புதிதல்ல. பண்ணையைத் தவிர்த்துவிட்டு, கழுகுகளுக்கு உணவு போடுவதையும் வௌவால் குகையையும் மட்டும் காட்டும்படி படகோட்டியிடம் கேட்க முடியுமா? என் தாயார் சைவம் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

பதில்: பிப்ரவரி 3, இரவு

கேட்க முடியும். கிளிம், கிசாப், தஞ்சோங் ரூ ஆகிய படகுத்துறைகளில் படகை முழுதாக வாடகைக்கு எடுக்கலாம். எட்டு முதல் பத்துப் பேர் வரை உட்காரலாம். கட்டணம் மணிக்கணக்கில் பேசப்படும். எங்கே நிற்பது, எங்கே நிற்காமல் போவது என்பதைப் படகில் கால் வைக்கும் முன்பே முடிவு செய்துகொள்ளலாம். ஆளுக்கு இவ்வளவு என்று சீட்டு வாங்கிக் கூட்டத்தோடு போனால் அந்தச் சுதந்திரம் கிடையாது.

ஆனால் ஐயா, உங்கள் பட்டியலை மாற்றிக்கொள்ளும்படி கேட்டுக்கொள்கிறேன். நான் கெடா மாநிலத்தவன். ஊரிலிருந்து உறவினர் யார் வந்தாலும் கோலக் கெடாவிலிருந்து படகேறி லங்காவிக்கு அழைத்துச் செல்வது எங்கள் வீட்டு வழக்கம். நான் கண்டவரையில், பண்ணைதான் விடக்கூடாத இடம். கழுகுக்கு உணவு போடுவதுதான் விட வேண்டியது. அதில் மிச்சமாகும் நேரத்தில் படகை மெதுவாக ஓட்டச் சொல்லுங்கள். காரணங்களை நாளை எழுதுகிறேன்.

பிப்ரவரி 4

முதலில் பண்ணை. நீல நிறப் பிளாஸ்டிக் பீப்பாய்களின் மேல் மரச்சட்டங்களைக் கட்டி, சட்டங்களுக்கு இடையில் சதுரம் சதுரமாக வலைகளைத் தொங்கவிட்டிருப்பார்கள். சட்டங்களின் மேல் போட்டிருக்கும் பலகையில்தான் நடக்க வேண்டும். பக்கத்தில் ஒரு படகு கடந்தாலே பலகை ஆடும். உங்கள் தந்தையாருக்கு முழங்கால் வலி இருந்தால், கைப்பிடி உள்ள பகுதியிலேயே நிற்கச் சொல்லுங்கள். அங்கிருந்தும் எல்லாவற்றையும் பார்க்கலாம்.

வலைகளுக்குள் இருப்பவை பெரும்பாலும் கொடுவா, களவாய், செப்பிலி, பாறை ஆகியவை. கொடுவாவை இங்கே சியாக்காப் என்றும் களவாயைக் கெராப்பு என்றும் சொல்வார்கள். வழிகாட்டி பெயர்களைச் சொல்வார், எடையைச் சொல்வார், உணவைத் தூக்கிப் போட்டு மீன்களைத் துள்ளவைப்பார். சுற்றிலும் நிற்கும் காட்டுக்கும் அந்த மீனுக்கும் என்ன உறவு என்பதைப் பெரும்பாலும் சொல்லமாட்டார். அதை நாமாகக் கேட்க வேண்டும்.

கொடுவா, கடலோரத்தில் ஆற்று வாய்க்கு அருகே முட்டையிடும் மீன். குஞ்சுகள் ஓதத்தோடு, அதாவது ஏறும் கடல்நீரோடு, உள்ளே வந்து, சதுப்புநிலக் காட்டின் ஓடைகளில் வேர்களுக்கு நடுவே ஒளிந்து, இறாலையும் சிறுமீனையும் தின்று வளர்கின்றன. முதிர்ந்ததும் முட்டையிட மறுபடி கடல்வாயை நோக்கிப் போகின்றன. இன்னொரு செய்தியும் உண்டு. கொடுவா முதலில் ஆணாக வாழ்ந்து, சில ஆண்டுகள் கழித்துப் பெண்ணாக மாறுகிறது. களவாய் இனங்கள் பலவற்றில் இது நேர்மாறு: முதலில் பெண், பிறகு ஆண். இந்த இரண்டையும் அடுத்தடுத்த கூண்டுகளில் வைத்துக்கொண்டு, அதைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசாமல் சுற்றுலாவை முடித்துவிடுகிறார்கள். உங்கள் பிள்ளைகளுக்கு முன்கூட்டியே சொல்லி அழைத்துச் செல்லுங்கள். அவர்களே கேள்வி கேட்கத் தொடங்கிவிடுவார்கள்.

கூண்டில் விடும் கொடுவாக் குஞ்சுகள் இன்று பெரும்பாலும் பொரிப்பகங்களிலிருந்து வருகின்றன. 1970களின் தொடக்கத்தில் தாய்லாந்தின் சொங்க்லாவில் கொடுவாவைச் செயற்கை முறையில் இனப்பெருக்கம் செய்து காட்டிய பிறகுதான், இந்தப் பகுதி முழுவதும் கூண்டு வளர்ப்பு பரவியது. அதற்கு முன்பு காட்டோடைகளில் பிடித்த குஞ்சுகளையே நம்பியிருந்தார்கள். குஞ்சைப் பொரிப்பகம் கொடுத்துவிட்டாலும், கூண்டைக் காற்றிலிருந்தும் அலையிலிருந்தும் காப்பாற்றுவது இன்றும் இந்த ஆறும் காடும்தான்.

பிப்ரவரி 4, பிற்பகல்

பண்ணையில் நான் ஒருபோதும் அவசரப்படாத இடம் ஒன்று உண்டு. காலையில் எழுத விட்டுப்போயிற்று. சில பண்ணைகளில் நீரைப் பீய்ச்சி இரையை வீழ்த்தும் வில் மீன்களை ஒரு தனிக் கூண்டில் வைத்திருப்பார்கள். பணியாளர் ஒரு குச்சியின் நுனியில் ரொட்டித் துணுக்கை ஒட்டி, நீருக்கு மேல் ஓரடி உயரத்தில் பிடிப்பார். கறுப்புப் பட்டை போட்ட, உள்ளங்கையளவு மீன் ஒன்று மெல்ல மேலே வந்து, வாயின் நுனியை மட்டும் நீர்ப்பரப்பில் வைத்து, உடலைச் சற்றே சாய்த்து நிற்கும். கண் நீருக்குள்ளேயே இருக்கும். பிறகு ஒரு சொடுக்கு, ரொட்டி விழும், விழுவதற்குள் இன்னொரு மீன் அதைக் கவ்விக்கொண்டு போய்விடும். நீருக்குள்ளிருந்து பார்க்கும்போது ஒளி வளைவதால் இரை இருக்கும் இடம் மாறித் தெரியும். அந்தப் பிழையையும் திருத்திக்கொண்டு குறி வைக்கிறது இம்மீன். காட்டில் இது வேர்களுக்கிடையே நின்று, தாழ்ந்த இலைகளில் உட்காரும் பூச்சிகளை இதே முறையில் வீழ்த்துகிறது. பண்ணையில் இதைப் பார்த்துவிட்டுப் போனால், ஓடைக்குள் படகு மெதுவாகச் செல்லும்போது இலைநிழலில் அந்தக் கறுப்புப் பட்டைகளைக் கண் தானாகவே தேடும்.

பிப்ரவரி 6

ஈப்போவிலிருந்து எழுதியிருக்கும் அம்மா, கழுகுக் காட்சி இல்லாமல் லங்காவி இல்லை என்கிறார். கழுகு இத்தீவின் அடையாளம் என்பதை நானும் மறுக்கவில்லை. குவா நகரின் படகுத்துறை அருகே 12 மீட்டர் உயரக் கழுகுச் சிலை நிற்கிறது. இறங்குபவர் யாரும் அதைத் தவறவிட முடியாது. என் எதிர்ப்பு கழுகைப் பார்ப்பதற்கல்ல, அதற்கு உணவு போடும் முறைக்கு.

காட்சி இப்படித்தான் நடக்கும். ஆறு அகன்று ஏரிபோல் விரியும் ஓரிடத்தில் படகுகள் கூடி நிற்கும். படகோட்டி கோழித்தோலையோ குடலையோ நீரில் எறிவார். சிலர் இயந்திரத்தை முடுக்கி, நீரைக் கலக்கிப் பறவைகளை அழைப்பார்கள். பத்து இருபது செம்பருந்துகள் ஒன்றன்மேல் ஒன்றாக இறங்கி, கால்நகத்தால் கவ்விக்கொண்டு போகும். நம் ஊரில் கருடன் என்று கன்னத்தில் போட்டுக்கொள்கிறோமே, அதே பறவைதான். செத்த மீன், நண்டு, சிற்றுயிர் ஆகியவற்றைத் தின்று கரையைத் துப்புரவாக வைத்திருப்பது அதன் தொழில். எலும்போ செதிலோ இல்லாத கொழுப்புத் தோலை நாள்தோறும் தின்பது அதன் உணவுமுறையல்ல. படகுச் சத்தம் கேட்டால் உணவு வரும் என்று பழகிய பறவை, தன் குஞ்சுக்கு எதைக் கொண்டுபோய் ஊட்டும் என்பதையும் நினைத்துப் பார்க்க வேண்டும். கடைக் கோழியின் கழிவைக் காட்டுப் பறவையின் வாயில் திணிப்பதை இயற்கைச் சுற்றுலா என்று அழைப்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

அம்மா, உணவு போடாமலும் அவற்றைப் பார்க்கலாம். காலை ஒன்பது மணிக்குள் போனால் பாறை முகட்டு மரங்களில் சிறகைக் காயவைத்தபடி உட்கார்ந்திருக்கும். அவற்றைவிடப் பெரிய வெண்வயிற்றுக் கடற்கழுகும் அங்கே உண்டு. அது உயரத்திலிருந்து சரிந்து வந்து உயிருள்ள மீனை அள்ளிக்கொண்டு போவதைக் கண்டவருக்குக் கோழித்தோல் காட்சி வேண்டியிருக்காது. அதைப் பார்ப்பதற்குப் பொறுமை வேண்டும். பார்க்கக் கிடைக்கும் என்ற உறுதியும் இல்லை. என் உறவுப் பிள்ளைகள் சிலர் எதையும் காணாமல் முகம் வாடித் திரும்பியதும் உண்டு. அப்படியிருந்தும் என் கருத்தை நான் மாற்றிக்கொள்ளவில்லை.

பிப்ரவரி 7

இப்போது வேகம். இந்த இழையில் நான் எழுதுபவற்றில் இதைத்தான் மிக முக்கியமாகக் கருதுகிறேன். ஆகவே சற்று விரிவாக எழுதுகிறேன்.

ஒருமுறை ஆற்றின் குறுகலான பகுதியில் எங்கள் படகோட்டியிடம் இயந்திரத்தை நிறுத்தச் சொல்லி, கரையை ஒட்டி நின்றுகொண்டிருந்தோம். சேற்றுமேட்டில் ஒற்றைக் கொடுக்கு மட்டும் பெரிதாக இருக்கும் சிறு நண்டுகள் கொடுக்கை ஆட்டிக்கொண்டிருந்தன. சேற்றுத்தாவி மீன்கள் துடுப்பை ஊன்றி நகர்ந்துகொண்டிருந்தன. அப்போது நடு ஆற்றில் ஒரு படகு விரைந்து போயிற்று. அலை கரைக்கு வந்து மோதும் என்றே எதிர்பார்த்தேன். ஆனால் முதலில் நடந்தது வேறு. வேர்களின் அடியிலிருந்த நீர் சட்டென்று ஆற்றுக்குள் உறிஞ்சப்பட்டது. அதுவரை நீருக்குள் மறைந்திருந்த கரையின் அடிப்பகுதி வெளியே தெரிந்தது. அங்கே மண் குடைந்து போயிருந்தது. மெல்லிய வேர்கள் அந்தரத்தில் தொங்கின. அடுத்த நொடி அலை வந்து மோதி, பால் கலந்த தேநீர் நிறத்தில் சேற்றைக் கரைத்து எடுத்துக்கொண்டு திரும்பியது. நண்டுகள் எல்லாம் வளைக்குள் போய்விட்டன. அவை மீண்டும் வெளியே வருவதற்குள் அடுத்த படகு வந்துவிட்டது.

சுரபுன்னை மரம் முட்டுவேர்களை நான்கு பக்கமும் ஊன்றி நிற்பது ஓதத்தின் மெதுவான ஏற்ற இறக்கத்துக்கு ஏற்ற அமைப்பு. ஒரு நாளில் இரண்டு முறை ஏறி இரண்டு முறை வற்றும் நீர், வண்டலைக் கொண்டுவந்து வேர்களுக்கிடையே படியவைக்கும். சில நிமிடங்களுக்கு ஒருமுறை வந்து மோதும் படகலை அந்த வண்டலைப் படியவிடாமல் கழுவிவிடுகிறது. கிளிம் ஆற்றங்கரை இவ்வாறு அரிக்கப்படுவதை ஆய்வாளர்கள் அளந்து பதிவு செய்திருக்கிறார்கள். ஆற்றின் பக்கமாகச் சாய்ந்தும் விழுந்தும் கிடக்கும் மரங்களை நீங்களே பார்ப்பீர்கள். வெளிக்கரை மரம் விழுந்தால் அதன் பின்னால் நிற்பது வெளிக்கரை மரமாகிவிடும்.

படகோட்டிகளை மட்டும் குற்றம் சொல்வது நியாயமாகாது. ஒரு மணி நேரத்தில் குகை, பண்ணை, கழுகு, கடல்முகம், தீவு என எல்லாவற்றையும் காட்ட வேண்டும் என்று கேட்பவர்கள் நாம்தான். ஒரு மணி நேரத்துக்குப் பணம் கொடுத்து மூன்று மணி நேரத்துக் காட்சியைக் கேட்டால், படகு பறக்கத்தான் செய்யும். ஆகவே குறைந்தது மூன்று மணி நேரம் எடுத்துக்கொள்ளுங்கள். இடங்களைக் குறைத்துக்கொள்ளுங்கள். குறுகலான பகுதிகளில் நடைவேகத்தில் செல்லும்படி தொடக்கத்திலேயே சொல்லிவிடுங்கள். என் அனுபவத்தில் அப்படிச் சொன்னால் முகம் சுளித்த படகோட்டியைவிட, நிம்மதியாகப் பேசத் தொடங்கிய படகோட்டிகளே அதிகம். அவர்களுடைய ஊர் அது. கிளிம் கிராமத்து மக்கள் கூட்டுறவுச் சங்கம் அமைத்து இந்தச் சுற்றுலாவை நடத்துகிறார்கள் என்பதையும், அவர்களில் பலர் மீனவக் குடும்பத்தினர் என்பதையும் மறந்துவிட வேண்டாம்.

பிப்ரவரி 7, பின்குறிப்பு

கட்டணம் எவ்வளவு என்று ஒருவர் கேட்டிருக்கிறார். அது காலத்துக்கும் துறைக்கும் ஏற்ப மாறுவதால் நான் தொகை எழுதவில்லை. துறையின் கட்டணப் பலகையைப் படித்துவிட்டுப் பேசுங்கள். உயிர்காப்பு அங்கி எல்லாருக்கும், குறிப்பாகப் பிள்ளைகளின் அளவுக்கு, இருக்கிறதா என்று பார்த்த பிறகே பணம் கொடுங்கள்.

பிப்ரவரி 9

பிச்சாவரத்தைப் பார்த்தவர் கிளிமுக்குப் போவதில் பயன் உண்டா என்ற பகுதிக்கு இன்னும் பதில் சொல்லவில்லை. உண்டு, இரண்டும் வெவ்வேறு இடங்கள்.

பிச்சாவரம், வெள்ளாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் இடைப்பட்ட வண்டல் நிலத்தில் வளர்ந்த காடு. சுற்றிலும் தரை தட்டை. ஓதத்தின் ஏற்ற இறக்கம் ஒரு மீட்டருக்கும் குறைவு. கிளிமில் காடு சுண்ணாம்புக் குன்றுகளின் காலடியிலும், சில இடங்களில் பாறை இடுக்கிலேயும் வளர்கிறது. அந்தச் சுண்ணாம்புக்கல் 40 கோடி ஆண்டுகளுக்கும் மேல் பழையது. கடலடியில் படிந்து, மேலே எழுந்து, மழையால் கரைந்து கூர்முனைகளாகவும் குகைகளாகவும் நிற்கிறது. 2007ஆம் ஆண்டு யுனெஸ்கோ ஆதரவு பெற்ற புவிப்பூங்காவாக (நிலவியல் சிறப்புக்காகப் பாதுகாக்கப்படும் பகுதியாக) லங்காவி அறிவிக்கப்பட்டபோது, தென்கிழக்கு ஆசியாவிலேயே அதுதான் முதலாவது. கிளிம் அதன் மூன்று முக்கியப் பகுதிகளில் ஒன்று.

ஓதமும் இங்கே பெரிது. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய பெரு ஓத நாள்களில் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் இடையே மூன்று மீட்டரை நெருங்கும் வேறுபாடு இருக்கும். குன்றின் அடிவாரம் முழுவதும் உள்நோக்கிக் குடைந்த கோடு ஒன்று ஓடுவதைக் காண்பீர்கள். கடல்நீரும் கடல் உயிர்களும் நெடுங்காலமாக அரித்த தடம் அது. சில இடங்களில் இன்றைய நீர்மட்டத்துக்கு மேலேயும் அந்தத் தடம் தெரியும். சில ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பு கடல் இன்றைவிட உயரமாக நின்றதற்கு அது சாட்சி.

மரங்களில் உறவு உண்டு. இரு இடங்களிலும் சுரபுன்னையும் வெண்கண்டலும் இருக்கின்றன. ஆனால் பிச்சாவரத்தில் வெண்கண்டல் மிகுதி. கிளிமில் முட்டுவேர் ஊன்றிய சுரபுன்னை இனங்களே கண்ணை நிறைக்கும். தாய்மரத்தில் இருக்கும்போதே முளைத்து, முருங்கைக்காய்போல் நீண்டு தொங்கும் அதன் நாற்றுகளைப் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். வற்றத்தில் விழுந்தால் சேற்றில் குத்தி நிற்கும். ஏற்றத்தில் விழுந்தால் மிதந்து போய் வேறு கரையில் வேரூன்றும்.

பிச்சாவரத்தைக் குறைத்துச் சொல்வதாக யாரும் எண்ண வேண்டாம். முற்காலத்தில் மொத்தமாக மரம் வெட்டப்பட்டதால் நிலம் தாழ்ந்து, உப்பு தேங்கிப் பாழான பகுதிகளில், 1990களில் மீன்முள் வடிவக் கால்வாய்களை வெட்டி ஓதநீரை உள்ளே கொண்டுவந்து காட்டை மீட்டது உலகமே கவனித்த பணி. எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் ஊர்மக்களும் சேர்ந்து அதைச் செய்தார்கள். 2022ஆம் ஆண்டு பிச்சாவரம், உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சார் பட்டியலில் சேர்ந்தது. அங்கே துடுப்புப் படகில் நுழைய முடிகிற அமைதியான கால்வாய்களைப் பார்த்துப் பழகிய உங்களுக்குக் கிளிமின் இயந்திரச் சத்தம் உறுத்தலாம். துடுப்புப் படகு இங்கேயும் கிடைக்கும். ஒற்றை ஆளோ இருவரோ ஓட்டும் கயாக் சுற்றுகளைச் சிலர் நடத்துகிறார்கள். பெற்றோர் ஓய்வெடுக்கும் ஒரு காலையில் நீங்களும் மூத்த பிள்ளையும் அதில் போய்ப் பாருங்கள்.

பிப்ரவரி 10

நாகப்பட்டினத்து நண்பரின் மறுப்பு கனமானது. கடலோரப் பண்ணைகள்தான் அலையாத்திக் காட்டை அழித்தன. அவற்றையே பார்க்கப் போகும்படி சொல்கிறீர்களே என்று கேட்கிறார். அவருடைய ஊரின் வரலாறு தெரிந்தவர் யாரும் இந்தக் கேள்வியை ஒதுக்க முடியாது. இறால் பண்ணைகளால் விளைநிலமும் குடிநீரும் உப்பாவதை எதிர்த்துக் காந்தியவாதிகளான எஸ். ஜெகந்நாதனும் அவர் மனைவி கிருஷ்ணம்மாள் ஜெகந்நாதனும் அங்கே போராடினார்கள். ஜெகந்நாதன் தொடுத்த வழக்கில்தான் 1996 டிசம்பரில் இந்திய உச்ச நீதிமன்றம், கடலோர ஒழுங்காற்று மண்டலத்துக்குள் இருந்த இறால் பண்ணைகளை அகற்றும்படி தீர்ப்பளித்தது. மலேசியாவிலும் இறால் குளங்களுக்காகச் சதுப்புநிலக் காடுகள் வெட்டப்பட்டிருக்கின்றன.

ஆனால் குளமும் கூண்டும் ஒன்றல்ல. குளம் வெட்ட மரத்தை அகற்றி மண்ணைத் தோண்ட வேண்டும். கைவிட்ட பிறகும் அந்த நிலம் எளிதில் தேறாது. கூண்டு ஆற்றின் மேல் மிதக்கிறது. அவிழ்த்து இழுத்துப் போனால் இடம் காலியாகிவிடும். காடு அழிந்தால் முதலில் நட்டப்படுபவரும் கூண்டுக்காரரே. பண்ணையைப் பார்க்கச் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

அதற்காகக் கூண்டுக்கு நற்சான்றிதழ் கொடுத்துவிடவில்லை. நண்பர் எழுதிய பிறகு இன்னும் யோசித்ததில், என் பிப்ரவரி 4 குறிப்பில் பண்ணையின் ஒரு பக்கமே இருப்பதாகத் தோன்றுகிறது. உணவுத் தேவைதான் முதல் சிக்கல். கொடுவாவும் களவாயும் ஊன் உண்பவை. இழுவை வலைகளில் சிக்கும் விலையில்லாச் சிறுமீன்களை வெட்டிப் போட்டுத்தான் பல பண்ணைகள் அவற்றை வளர்க்கின்றன. ஒரு கிலோ கொடுவா வளர்வதற்குப் பல கிலோ சிறுமீன் செலவாகும். அந்தச் சிறுமீன்களுக்குள் வளர்ந்தால் பெரிதாகக்கூடிய மீன்களின் குஞ்சுகளும் இருக்கும். தின்னாமல் விழும் மிச்சமும் எச்சமும் கூண்டுக்கு அடியில் சேரும். ஓதம் வலுவாக ஓடும் இடத்தில் அது அடித்துச் செல்லப்படும், நீர் தேங்கும் வளைவில் அழுகி, நீரிலுள்ள உயிர்வளியை (ஆக்சிஜனை) குறைக்கும். உருண்டைத் தீவனம் போடுகிறார்களா, சிறுமீன் போடுகிறார்களா என்று பணியாளரிடம் கேளுங்கள். வலையை எத்தனை நாளுக்கு ஒருமுறை மாற்றுகிறார்கள் என்றும் கேளுங்கள். கொட்டலசு என்னும் ஓட்டுயிரும் சிப்பியும் ஒட்டிக் கண்கள் அடைந்துபோன வலையை இரண்டு பேர் மூச்சிரைக்கப் பலகைமேல் இழுத்துப் போடுவதை நான் பார்த்திருக்கிறேன். அவர்களுடைய முன்கைகள் முழுவதும் பழைய கீறல் தழும்புகள். தட்டில் வரும் மீனுக்குப் பின்னால் அந்த உழைப்பு இருக்கிறது.

பிப்ரவரி 11

திருக்கையைத் தொடலாமா, பிள்ளைகளுக்கு ஆபத்தா என்று கடலூர் வாசகர் கேட்கிறார். பண்ணைகளில் திருக்கைக்கு உணவு ஊட்டுவது பெரிய கவர்ச்சி. வாய் அடிப்பக்கம் இருப்பதால் விரல்களுக்கிடையே மீன் துண்டை வைத்துக் கொடுக்கச் சொல்வார்கள். வாலின் நச்சுமுள்ளைப் பல இடங்களில் நறுக்கிவிடுவதால் ஆபத்து குறைவு என்பார்கள். நறுக்கியது உண்மைதானா என்று கேட்டுத் தெரிந்துகொள்ளாமல் பிள்ளையின் கையை நீட்ட விடாதீர்கள். உண்மை என்றால், நமக்காக ஓர் உயிரின் காப்பை வெட்டியிருக்கிறார்கள் என்பதையும் பிள்ளைக்குச் சொல்லுங்கள். மீனின் தோலில் உள்ள வழவழப்பு நோய்த்தொற்றைத் தடுக்கும் உறை. வெயிலுக்குப் பூசிய களிம்போடு நூறு கைகள் தடவினால் அது போய்விடும். நான் என் வீட்டுப் பிள்ளைகளைத் தொட விடுவதில்லை. குதிரைலாட நண்டைத் தூக்கிக் காட்டும்போதும் அப்படித்தான்: வாலைப் பிடித்துத் தொங்கவிட வேண்டாம், ஓட்டின் ஓரங்களைப் பிடியுங்கள் என்று வழிகாட்டியிடமே சொல்லலாம். அது உண்மையில் நண்டுமல்ல. சிலந்திக்கும் தேளுக்கும் நெருங்கிய உறவு.

பிப்ரவரி 13

வௌவால் குகை: சிறியது, பலகைப் பாதை உண்டு, கைவிளக்கு வேண்டும். விளக்கை நேராக மேலே அடிக்காதீர்கள். பகலில் தூங்கும் விலங்குகள். தேனுண்ணும் வௌவால் இனங்கள் இரவில் மலரும் சதுப்புநிலப் பூக்களுக்கும் துரியான் பூக்களுக்கும் மகரந்தம் சுமக்கின்றன. பழத்தோட்டக்காரருக்கும் இந்தக் காட்டிடம் கடன் உண்டு. முதலைக் குகை என்பது வேறு. அதன் கூரை தாழ்வானது, ஓதம் ஏறியிருந்தால் படகு நுழையாது. முதலையைத் தேடிப் போக வேண்டாம்.

பிப்ரவரி 15

நாள் குறித்துவிட்டதாக எழுதியிருக்கிறீர்கள், மகிழ்ச்சி. கடைசியாகச் சில நடைமுறைச் செய்திகள்.

ஏப்ரலில் பிற்பகல் இடிமழை வரக்கூடும், காலையிலேயே புறப்படுங்கள். அன்றைய ஓத அட்டவணையைப் பார்த்து, நீர் வற்றத் தொடங்கும் நேரத்தைத் தேர்ந்தெடுங்கள். சேறு வெளிப்படும்போதுதான் நண்டும் சேற்றுத்தாவியும் வெளியே வரும். சற்று முன்னதாகப் போனால் வேரின் உயரம் கொஞ்சம் கொஞ்சமாகத் தெரியவருவதையும் காணலாம்.

படகோட்டியிடம் மலாயில் சொன்னால் காரியம் எளிதாகும். அண்ணன் என்ற பொருளில் அவரை 'பாங்' என்று கூப்பிடுங்கள். மெதுவாகப் போங்கள் என்பதற்கு, 'பெலான்-பெலான் சிக்கிட், பாங்'. இயந்திரத்தைக் கொஞ்ச நேரம் நிறுத்துங்கள் என்பதற்கு, 'மத்திக்கான் எஞ்ஜின் செக்கெஜாப்'. கழுகுக்கு உணவு போட வேண்டாம் என்பதற்கு, 'தா பாயா பாகி மாக்கான் பூரோங் ஹெலாங்'. மூன்றாவதை ஏறுவதற்கு முன்பே சொல்லிவிடுங்கள். கோழித்தோல் பை படகில் ஏறிய பிறகு சொன்னால் அவருக்கும் சங்கடம்.

உங்கள் தாயாரின் சாப்பாட்டைப் பற்றி: மிதவை உணவகங்களில் காய்கறி கிடைக்கும், ஆனால் கங்கோங் கீரை வதக்கலில் இறால் விழுதான பெலாச்சானும், மற்றக் காய்களில் சிப்பிச் சாறும் கேட்காமலேயே சேர்ந்துவிடும். 'தா மாவு பெலாச்சான், தா மாவு சோஸ் தீராம்' என்று சொன்னாலும், அதே வாணலியில் சற்றுமுன் மீன் பொரிந்திருக்கும். அம்மா அதில் கண்டிப்பானவர் என்றால், குவாவில் உள்ள இந்திய உணவகம் ஒன்றில் இட்லியோ சப்பாத்தியோ கட்டிக்கொண்டு வாருங்கள்; பண்ணையில் உட்கார்ந்து சாப்பிட அனுமதிப்பார்களா என்று முதலிலேயே கேட்டுவிடுங்கள். பொட்டலத்தை மூடியுள்ள பையில் வைத்துப் படகிலேயே விட்டுச் செல்லுங்கள், கையில் எடுத்துக்கொண்டு குகைப் பக்கம் இறங்க வேண்டாம். அங்குள்ள குரங்குகள் பிளாஸ்டிக் பையின் சரசரப்பைக் கேட்டாலே ஓடிவந்து பிடுங்கிக்கொள்ளும்.